கேளுங்க டீச்சர்: இந்த மாதம் இங்கிலீஷ் தெருப்பேச்சு

அகராதியில் தேடினால் கிடைக்காத, கிடைத்தாலும் பொருந்தாத இங்கிலீஷ் வார்த்தைகளைப் பற்றி எழுதிக் கேளுங்கள் என்று போன இதழில் சொல்லியிருந்தேன். தபாலிலும் வாட்ஸ்அப்பிலும் கேள்விகள் வந்து குவிந்துவிட்டன. திருமங்கலத்தில் பள்ளி ஆசிரியையாக இருந்த காலத்தில் என்னிடம் இலக்கணம்தான் கேட்பார்கள். இப்போது சிம்மக்கல் மாலை வகுப்புக்கு வருகிறவர்கள் கேட்பதெல்லாம் இந்தப் பேச்சு வழக்குத்தான். எல்லாருக்கும் பதில் எழுத இடமில்லை. வேலையும் உயிரும் சம்பந்தப்பட்ட கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன்.

உசிலம்பட்டியிலிருந்து இங்கிலாந்து போயிருக்கும் செவிலியர்: டீச்சர், வட இங்கிலாந்தில் ஒரு மருத்துவமனையில் சேர்ந்திருக்கிறேன். இங்கிலீஷ் தேர்வில் நல்ல மதிப்பெண்தான். ஆனால் வயசான நோயாளிகள் பேசுவது பாதி விளங்கவில்லை. ஒரு பாட்டி ‘ஐ நீட் டு ஸ்பெண்ட் எ பென்னி’ என்றார். காசு எதற்கு என்று யோசித்தபடி நின்றுவிட்டேன். இன்னொருவர் என்னை ‘லவ்’, ‘லவ்’ என்றே கூப்பிடுகிறார். ஒரு மாதிரியாக இருக்கிறது. என்ன செய்வது?

அம்மாடி, அந்தப் பாட்டிக்குக் கழிப்பறைக்குப் போக வேண்டியிருந்தது, அவ்வளவுதான். அந்தக் காலத்தில் அங்கே பொதுக் கழிப்பறைக் கதவின் பூட்டில் ஒரு பென்னி காசு போட்டால்தான் திறக்கும். 1851-இல் லண்டனில் நடந்த பெரிய கண்காட்சியில் ஜார்ஜ் ஜென்னிங்ஸ் என்பவர் அமைத்த கழிப்பறைகளுக்கும் கட்டணம் ஒரு பென்னிதான். காசுப் பூட்டெல்லாம் போய்விட்டது, வயசானவர்கள் வாயில் பேச்சு மட்டும் நிற்கிறது. நம் பாட்டிமார் ‘கொல்லைக்குப் போகணும்’ என்பார்களே, வீட்டில் கொல்லையே இல்லாவிட்டாலும்!

உடம்பைப் பற்றிய பேச்சை மட்டும் நீங்கள் தனியாக ஒரு நோட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ‘பூர்லி’ என்றால் உடம்பு முடியவில்லை. அதில் ஏழ்மை எதுவும் கிடையாது. ‘பீக்கி’ என்றால் முகம் வெளுத்துச் சோர்ந்திருப்பது. ‘ரஃப்’, ‘அண்டர் த வெதர்’, ‘ஆஃப் கலர்’ எல்லாமே ‘ஒரு மாதிரியா இருக்கு’ வகைதான். ‘வாட்டர்வொர்க்ஸ்’ என்றால் சிறுநீர்ப் பாதை. ‘த ரன்ஸ்’, ‘த ட்ராட்ஸ்’ இரண்டும் வயிற்றுப்போக்கு. ‘பங்க்ட் அப்’ என்றால் அடைத்திருக்கிறது என்று பொருள், ஆனால் அடைத்தது மூக்கா வயிறா என்று கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். ‘ஜேப்’ என்றால் ஊசி.

‘நாக்கர்ட்’ என்றால் அடித்துப் போட்டதுபோல் களைப்பு. கிழட்டுக் குதிரைகளை வாங்கி அறுக்கிறவருக்கு ‘நாக்கர்’ என்று பெயர், அதிலிருந்து வந்தது. நோயாளி சொல்லலாம், கூட வேலை பார்க்கிற தோழியிடம் நீங்களும் சொல்லலாம். மேலதிகாரியிடம் வேண்டாம், ‘டயர்ட்’ போதும்.

இதில் எல்லாவற்றையும்விட முக்கியமானது ‘ஃபன்னி’. ‘ஐ ஃபீல் ஃபன்னி’ என்றோ, ‘ஐ ஹேட் எ ஃபன்னி டர்ன்’ என்றோ ஒரு நோயாளி சொன்னால் சிரிப்பு வருகிறது என்று அர்த்தம் கிடையாது. திடீரென்று தலை சுற்றியது, கண் இருட்டியது, உடம்புக்குள் என்னவோ சரியில்லை என்கிறார். உடனே நாடி பாருங்கள், ரத்த அழுத்தம் பாருங்கள், மூத்தவரைக் கூப்பிடுங்கள். என்னிடம் படித்துவிட்டுப் போகிற ஒவ்வொரு நர்ஸ் பிள்ளையிடமும் இந்த ஒரு வார்த்தையைத் திரும்பத் திரும்பச் சொல்லி அனுப்புகிறேன்.

‘லவ்’ விஷயத்துக்கு வருவோம். யார்க்‌ஷயர் பக்கம் கடைக்காரர், பேருந்து ஓட்டுநர், நோயாளி எல்லாருமே எல்லாரையும் ‘லவ்’ என்பார்கள். நாட்டிங்காம், டெர்பி பக்கம் போனால் ‘டக்’ என்பார்கள், நியூகாசிலில் ‘பெட்’, ஸ்காட்லாந்தில் பெண்களை ‘ஹென்’. வாத்து, கோழி என்று கேலி செய்வதாக நினைத்துவிடாதீர்கள். மாசி வீதியில் காய்கறி விற்கிற அம்மா உங்களை ‘என்ன தாயி வேணும்?’ என்று கேட்பதில் என்ன பாசமோ அதே பாசம்தான். ஆனால் சொல்கிற தொனி உங்களுக்கு உறுத்தினால், ‘என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள்’ என்று சிரித்த முகத்தோடு சொல்வதற்கு உங்களுக்கு முழு உரிமை உண்டு. அதற்கும் தயங்க வேண்டாம்.

உடன் வேலை செய்கிறவர்கள் காலையில் ‘யூ ஆல்ரைட்?’ என்பார்கள். உங்களைப் பார்த்து ஏதோ பயந்துபோய்க் கேட்கிறார்கள் என்று எண்ண வேண்டாம். நம் ஊரில் ‘என்ன, சாப்டாச்சா?’ என்கிறோம். இலையில் என்ன இருந்தது என்றா சொல்கிறோம்? ‘ஆல்ரைட், யூ?’ என்று திருப்பிக் கேட்டுவிட்டு நடையைக் கட்டலாம்.

இன்னொன்று. ‘பாப்ட் ஹிஸ் க்ளாக்ஸ்’ என்றால் ‘மண்டையைப் போட்டுட்டார்’ என்பது. வார்டில் யாராவது சொல்லக் காதில் விழலாம். இறந்தவர் வீட்டாரிடம் அதை ஒருநாளும் சொல்லிவிடாதீர்கள். ‘பாஸ்ட் அவே’ அல்லது ‘டைட்’ என்பதுதான் முறை. புரியாத இடத்தில் தலையாட்டாமல் ‘சாரி, வாட் டு யூ மீன் பை தட்?’ என்று கேளுங்கள். வயசானவர்களுக்கு விளக்கிச் சொல்வதில் ஒரு சந்தோஷம் உண்டு, எந்த ஊரானாலும்.

திருமங்கலம், ஒரு தாயார்: கல்லூரியில் படிக்கும் என் மகன் போனில் ‘நோ கேப் ப்ரோ’, ‘பெட்’, ‘சஸ்’, ‘ரிஸ்’ என்றே பேசுகிறான். கெட்ட வார்த்தைகளா? கண்டிக்க வேண்டுமா?

கெட்ட வார்த்தை எதுவும் இல்லை, நிம்மதியாக இருங்கள். ‘கேப்’ என்றால் பொய். நம் பையன்கள் ‘உருட்டாதடா’ என்கிறார்களே, அந்த உருட்டுத்தான் கேப். ‘நோ கேப்’ என்றால் ‘உருட்டலை, நிஜமாத்தான்’. ‘பெட்’ (பந்தயம் என்கிற சொல்தான், நியூகாசில் ‘பெட்’ வேறு) என்றால் ‘சரி, அப்படியே ஆகட்டும்’. ‘சஸ்’ என்பது ‘சஸ்பிஷியஸ்’ என்பதன் வால் அறுந்த வடிவம், ஆள் சரியில்லை என்று சந்தேகப்படுவது. கொரோனா காலத்தில் பிள்ளைகள் விடாமல் விளையாடிய ஒரு மொபைல் விளையாட்டு அதை உலகமெங்கும் கொண்டுபோனது. ‘ரிஸ்’ என்றால் பேச்சாலும் பார்வையாலும் அடுத்தவரைக் கவர்கிற திறமை. ‘கரிஸ்மா’ என்ற வார்த்தையின் நடுப்பகுதி. 2023-இல் ஆக்ஸ்ஃபோர்டு பதிப்பகம் அதை ஆண்டின் சொல்லாகத் தேர்ந்தெடுத்தது.

இந்த இடத்தில் நான் கொஞ்சம் நிற்க வேண்டும். உங்கள் மகனும் அவன் நண்பர்களும் இதையெல்லாம் ‘இன்ஸ்டாகிராம் இங்கிலீஷ்’ என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். ‘கேப்’ அமெரிக்காவின் கறுப்பின மக்களிடமிருந்து வந்தது, அட்லாண்டா நகரத்து ராப் பாடகர்கள் பரப்பியது. ‘கூல்’ என்று தாத்தா பேரன் எல்லாரும் சொல்கிறோமே, அதை உலகத்துக்குக் கொடுத்ததும் கறுப்பின ஜாஸ் இசைக் கலைஞர்கள்தான். ‘ஸ்லே’ (அசத்துவது), ‘ஷேட்’ (நாசூக்காகக் குத்திப் பேசுவது), ‘ஸ்பில் த டீ’ (வம்பை அவிழ்த்து விடு) எல்லாம் நியூயார்க்கில் கறுப்பின, லத்தீன் திருநங்கையரும் தன்பாலீர்ப்பாளர்களும் தங்களுக்குள் நடத்திக்கொண்ட ‘பால்ரூம்’ போட்டிகளில் புழங்கியவை. இன்று தொலைக்காட்சி விவாதங்களில் வசைபோலப் பயன்படுகிற ‘வோக்’ என்ற சொல்லை, லெட் பெல்லி என்ற கறுப்பினப் பாடகர் 1938-இல் ஒலிப்பதிவு ஒன்றில் சொல்கிறார். அலபாமாவில் செய்யாத குற்றம் சுமத்தப்பட்ட ஒன்பது கறுப்பினப் பையன்களைப் பற்றிய பாட்டு அது. அந்தப் பக்கம் போகிற நம் மக்கள் கவனமாக இருங்கள், விழித்திருங்கள் என்று எச்சரிக்கிறார். உயிர் பயத்தில் பிறந்த சொல் அது.

அந்த மக்கள் இப்படிப் பேசியபோது வகுப்பறையில் ‘தப்பு இங்கிலீஷ்’ என்று திருத்தினார்கள். அதே வார்த்தை விளம்பரத்தில் வந்ததும் நாகரிகமாகிவிட்டது. மதுரைக்காரர்களுக்கு இது புரியும். நாம் ‘அங்கிட்டு’, ‘இங்கிட்டு’, ‘வெரசா’, ‘ஒரண்டை இழுக்காதே’ என்று பேசினால் வெளியூரில் சிரித்தவர்கள் உண்டு. சினிமா நம் பேச்சை எடுத்துக்கொண்டது, ஆனால் பெரும்பாலும் அரிவாள் பிடித்தவன் வாயில்தான் வைத்தது. ‘லந்து’, ‘அலப்பறை’ என்ற சொற்களுக்குள் நம் தெருவின் எத்தனை கேலியும் செல்லமும் இருக்கிறது என்பது இங்கே பிறந்தவர்களுக்குத் தெரியும். ஆகவே மகனைக் கண்டிக்க வேண்டாம். அந்த வார்த்தை யாருடைய வீட்டிலிருந்து வந்தது என்பதை மட்டும் அவனுக்குச் சொல்லுங்கள். அப்புறம், நேர்முகத் தேர்விலும் பேராசிரியருக்கு எழுதும் மெயிலிலும் இது வரக்கூடாது என்றும் சொல்லி வையுங்கள்.

சோழவந்தான், பள்ளி ஆசிரியர்: ஆறாம் வகுப்பில் கணக்குப் போடும்போது ஆறு, ஏழு என்று வந்துவிட்டால் பிள்ளைகள் ‘சிக்ஸ் செவன்!’ என்று கத்திக் கையை மேலும் கீழும் ஆட்டுகிறார்கள். என்ன அர்த்தம்?

அர்த்தம் இல்லை. ஒரு அமெரிக்க ராப் பாட்டில் வந்து, கூடைப்பந்து வீடியோக்கள் வழியாகப் பரவியது. டிக்‌ஷனரி டாட் காம் 2025-க்கான சொல்லாக இதைத்தான் தேர்ந்தெடுத்தது. பெரியவர்களுக்குப் புரியாமல் இருப்பதே அதன் ருசி. ஒருநாள் நீங்களும் சேர்ந்து கையை ஆட்டிவிடுங்கள், அடுத்த வாரம் விட்டுவிடுவார்கள்.

மேலூர், பொறியியல் பட்டதாரி: மேற்படிப்புக்கு அமெரிக்கா போகிறேன். போவதற்கு முன் எந்த ஸ்லாங் எல்லாம் கற்றுக்கொள்ள வேண்டும்?

தம்பி, புதிதாகக் கற்றுக்கொள்வதைவிட, இங்கிருந்து நீங்கள் கொண்டுபோகிற சில வார்த்தைகளை முதலில் கவனிக்க வேண்டும்.

‘ஐ பாஸ்ட் அவுட் இன் 2024’ என்று சொல்லாதீர்கள். 2024-இல் மயங்கி விழுந்தேன் என்றுதான் அங்கே கேட்கும். ‘க்ராஜுவேட்டட்’ என்று சொல்லுங்கள். பென்சில் எழுத்தை அழிக்க ‘ரப்பர்’ கேட்காதீர்கள், அமெரிக்காவில் அது ஆணுறையைக் குறிக்கும் பேச்சுச் சொல். ‘இரேசர்’ என்று கேளுங்கள். வகுப்பில் ‘ஐ ஹேவ் எ டவுட்’ என்றால், பேராசிரியர் சொன்னதை நீங்கள் நம்பவில்லை என்று அவர் எடுத்துக்கொள்ள வாய்ப்புண்டு. நாம் சந்தேகம் கேட்கிறோம், அவர்கள் ‘கொஸ்டின்’ கேட்கிறார்கள். வயிறு கெட்டுப்போய் மருத்துவரிடம் போனால் ‘லூஸ் மோஷன்’ புரியாது, ‘டயரியா’ என்று சொல்ல வேண்டும். ‘ப்ரீபோன்’ நல்ல வார்த்தை, இந்திய இங்கிலீஷ் வார்த்தையாக ஆக்ஸ்ஃபோர்டு அகராதியிலேயே இருக்கிறது, நான் அதற்காகப் பெருமைப்படுகிறவள். ஆனாலும் அங்கே ‘மூவ் இட் அப்’ என்றால்தான் விளங்கும்.

காதில் விழப்போகிறவை சில. ‘ஹிட் மீ அப்’ என்றால் அடிக்கச் சொல்லவில்லை, போன் பண்ணு என்கிறார்கள். ‘ஐ’ம் டவுன்’ என்றால் சோகமாக இல்லை, நானும் வருகிறேன் என்று பொருள். ‘மை பேட்’ என்றால் தப்பு என்னுடையது, மன்னிச்சுக்கோ. பொருள் தெரிந்துவிட்டது என்பதற்காக அன்றைக்கே பேச வேண்டாம். உங்கள் அறைத் தோழனும் வகுப்புத் தோழியும் உங்களிடம் ஒரு வார்த்தையைப் பலமுறை சொன்ன பிறகு அது தானாக உங்கள் நாக்குக்கு வரும். அதுவரை புத்தக இங்கிலீஷ் பேசுவதில் ஒரு குறைவும் இல்லை.

வாடிப்பட்டி, எட்டாம் வகுப்பு மாணவி: ‘ஓகே’ என்பது எதன் சுருக்கம் மிஸ்? எங்கள் வகுப்பில் ஆளுக்கொன்று சொல்கிறார்கள்.

நல்ல கேள்வி கண்ணு. 1830-களில் அமெரிக்காவின் பாஸ்டன் நகரப் பத்திரிகைக்காரர்களிடம் ஒரு விளையாட்டு இருந்தது. வேண்டுமென்றே எழுத்துப் பிழையோடு வார்த்தைகளை எழுதி, அதன் முதல் எழுத்துகளைச் சுருக்கமாகப் போடுவார்கள். ‘ஆல் கரெக்ட்’ என்பதை ‘ஓ’வில் தொடங்கி, ‘கே’ போட்டுப் பிழையாக எழுதிச் சுருக்கியதுதான் ஓகே. 1839 மார்ச் 23-ஆம் தேதி பாஸ்டன் மார்னிங் போஸ்ட் பத்திரிகையில் அது அச்சானது. அந்த விளையாட்டில் பிறந்த மற்ற சுருக்கங்கள் பெரும்பாலும் செத்துப்போயின. ஓகே பிழைத்ததற்குக் காரணம் அடுத்த வருடத் தேர்தல். குடியரசுத் தலைவராக இருந்த மார்ட்டின் வான் பியூரன் மறுபடியும் நின்றார். அவர் ஊர் கிண்டர்ஹுக். அதனால் ஆதரவாளர்கள் அவரை ‘ஓல்ட் கிண்டர்ஹுக்’ என்றும், சுருக்கமாக ஓகே என்றும் கொண்டாடினார்கள். அவர் தோற்றுப்போனார், ஓகே ஜெயித்துவிட்டது. இதையெல்லாம் பழைய பத்திரிகைகளைப் புரட்டிப் புரட்டி 1960-களில் நிறுவியவர் ஆலன் வாக்கர் ரீட் என்ற பேராசிரியர். ஒரு சின்ன வார்த்தைக்காக ஒருவர் அத்தனை உழைத்தார் என்பது எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது. உன் வகுப்பில் இதைச் சொல்.

இலந்தைக்குளம் ஐ.டி. பூங்காவில் பணிபுரிபவர்: அமெரிக்க மேலாளர் ‘பால்பார்க் ஃபிகர்’ கேட்கிறார், ‘டச் பேஸ்’ என்கிறார், ‘ரெயின் செக்’ என்கிறார். அகராதி பார்த்தும் மனதில் நிற்கவில்லை.

மூன்றும் பேஸ்பால் விளையாட்டிலிருந்து வந்தவை. அந்த ஆட்டத்தை ஒருமுறை யூடியூபில் பார்த்துவிட்டால் மறக்காது. ‘பால்பார்க்’ என்றால் மைதானம். மைதானத்துக்குள் விழுந்தால் போதும், அதாவது குத்துமதிப்பாக ஒரு கணக்குச் சொல். ‘டச் பேஸ்’ என்றால் சுருக்கமாக ஒருமுறை பேசிக்கொள்வோம். மழையால் ஆட்டம் நின்றால் வேறொரு நாள் வருவதற்குக் கொடுக்கும் சீட்டு ‘ரெயின் செக்’. சாப்பிடக் கூப்பிட்டதற்கு அவர் அப்படிச் சொன்னால் ‘இன்னொரு நாள் வருகிறேன்’ என்று அர்த்தம். எதிர்பாராமல் வந்து குழப்புகிற பிரச்சினை ‘கர்வ்பால்’.

பிரிட்டிஷ்காரர்களோடு வேலை என்றால் உங்களுக்கு எளிது, அவர்கள் கிரிக்கெட்டில் பேசுவார்கள். மழையில் நனைந்த பிட்ச்சில் ஆடுவதுபோன்ற இக்கட்டு ‘ஸ்டிக்கி விக்கெட்’. ஆனால் அவர்களுடைய அடக்கிப் பேசும் பழக்கம் தெரிந்திருக்க வேண்டும். உங்கள் வேலையை ‘நாட் பேட்’ என்றால் நன்றாகவே இருக்கிறது என்று பொருள். ‘வித் ரெஸ்பெக்ட்’ என்று தொடங்கினால் மறுக்கப்போகிறார். பணப் பேச்சில் ‘எ க்ராண்ட்’ என்றால் ஆயிரம், ‘க்விட்’ என்றால் பவுண்டு, ‘பக்ஸ்’ என்றால் டாலர்.

பெயரும் ஊரும் வேண்டாம் என்று எழுதிய வாசகி: என் தோழி என் கணவரைப் பற்றிக் கேட்டுவிட்டு ‘இது கேஸ்லைட்டிங்’ என்றாள். எனக்கு அந்த வார்த்தை தெரியவில்லை. அவளிடம் கேட்கவும் கூச்சம்.

அம்மா, உங்கள் கடிதத்தை மிகவும் கவனமாகப் படித்தேன். 1938-இல் லண்டனில் ‘கேஸ் லைட்’ என்று ஒரு நாடகம் வந்தது, எழுதியவர் பேட்ரிக் ஹாமில்டன். அதில் ஒரு கணவன் மாடியில் யாருக்கும் தெரியாமல் எதையோ தேடுகிறான். அங்கே அவன் கேஸ் விளக்கை ஏற்றும்போது கீழே மனைவியின் அறையில் வெளிச்சம் குறைகிறது. அவள் அதைப் பார்க்கிறாள், சொல்கிறாள். அவனோ எல்லாம் உன் கற்பனை, உனக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று அவளையே நம்ப வைக்கிறான். அதிலிருந்து வந்தது இந்தச் சொல். நடந்ததை நடக்கவில்லை என்றும், சொன்னதைச் சொல்லவில்லை என்றும் விடாமல் சாதித்து, ஒருவர் தன் கண்ணையும் நினைவையுமே சந்தேகப்படும்படி செய்வது. 2022-இல் மெரியம் வெப்ஸ்டர் அகராதி இதைத்தான் ஆண்டின் சொல்லாக அறிவித்தது.

சாதாரணக் கருத்து வேறுபாட்டுக்கும், ஒரு தடவை மறந்துபோனதற்கும் இந்த வார்த்தையைச் சொல்லக்கூடாது. இளம் பிள்ளைகள் இப்போது அப்படித்தான் வீசுகிறார்கள். ஆனால் நீங்கள் எழுதியிருப்பது அப்படியில்லை. நகை அடகு போனதை நீங்களே ரசீதோடு பார்த்த பிறகும் ‘உனக்கு மறதி நோய்’ என்று சொல்லப்பட்டிருக்கிறது. உங்கள் தோழி சொன்னது பொருந்துகிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. உங்கள் நினைவில் கோளாறு இல்லை. அந்தத் தோழியிடம் கூச்சப்படாமல் பேசுங்கள். தேதி போட்டு எழுதி வையுங்கள். 181 என்ற பெண்கள் உதவி எண்ணுக்கு எந்த நேரத்திலும் பேசலாம்.

அலங்காநல்லூர், ஒரு தகப்பனார்: மெஸ்ஸி படத்துக்குக் கீழே என் பையன் ஆட்டுப் படம் போடுகிறான். பிடித்த ஆட்டக்காரரை ஆடு என்று சொல்லலாமா?

‘க்ரேட்டஸ்ட் ஆஃப் ஆல் டைம்’ என்பதன் முதல் எழுத்துகளைச் சேர்த்தால் ‘கோட்’ என்று வரும், எக்காலத்துக்கும் பெரியவர் என்று பொருள். ஆட்டுக்கும் இங்கிலீஷில் ‘கோட்’ என்றுதான் பெயர், அதனால்தான் ஆட்டுப் படம். குத்துச்சண்டை வீரர் முகமது அலி தன்னை ‘த க்ரேட்டஸ்ட்’ என்று சொல்லிக்கொண்டவர். 1992-இல் அவர் மனைவி லானி அந்த எழுத்துகளையே பெயராக வைத்து ஒரு நிறுவனம் பதிவு செய்தார். உங்கள் பையன் மரியாதைதான் செய்கிறான்.

தல்லாகுளம், ஓய்வுபெற்ற வங்கி அலுவலர்: என் நண்பர் எல்லா வாழ்த்துச் செய்திக்கும் கீழே ‘எல்.ஓ.எல்.’ போடுகிறார். ‘நிறைய அன்பு’ என்று விளக்கம் சொல்கிறார். சரியா?

ஐயா, கடிதம் எழுதிய காலத்தில் சிலர் ‘லாட்ஸ் ஆஃப் லவ்’ என்று அப்படி எழுதியது உண்டு. இப்போது அது ‘லாஃபிங் அவுட் லவுட்’, வாய்விட்டுச் சிரிக்கிறேன் என்பதற்கு மட்டும்தான். ஆக்ஸ்ஃபோர்டு அகராதி 2011-இல் சேர்த்துக்கொண்டது. பிரிட்டன் பிரதமராக இருந்த டேவிட் கேமரனே அன்பு என்று நினைத்துத்தான் குறுஞ்செய்தியில் போட்டுவந்தார் என்று 2012-இல் பத்திரிகைகளின் நடத்தை பற்றி நடந்த லெவிசன் விசாரணையில் முன்னாள் பத்திரிகை ஆசிரியர் ரெபெக்கா ப்ரூக்ஸ் சாட்சி சொன்னார். வாழ்த்தோடு போகிறவரை பரவாயில்லை. துக்கம் கேட்டு எழுதும் செய்தியில் உங்கள் நண்பர் அதைப் போடுவதற்கு முன்னால், தனியாகக் கூப்பிட்டுப் பக்குவமாகச் சொல்லிவிடுங்கள்.

மேலூர், ஆசிரியர் பயிற்சி மாணவர்: நாம்தான் எப்போதும் வாங்குகிறோமா? நம் வார்த்தை அங்கே போனதில்லையா?

போயிருக்கிறது தம்பி, நிறையவே. கட்டுமரம், சுருட்டு, மிளகுத் தண்ணி மூன்றும் ‘கேட்டமரன்’, ‘செரூட்’, ‘முல்லிகடானி’ என்று இங்கிலீஷில் உட்கார்ந்திருக்கின்றன. இந்த மாதிரிச் சொற்களுக்கென்றே ஹென்றி யூல், ஏ.சி.பர்னெல் இருவரும் தொகுத்த ‘ஹாப்சன் ஜாப்சன்’ என்ற அகராதி 1886-இல் வந்தது. பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர், தென்னிந்திய மொழிகளை ஆழமாகப் படித்தவர். புத்தகம் அச்சாவதற்கு முன்பே காலமாகிவிட்டார். அந்த அகராதியில் ஒரு பதிவு எனக்கு மிகவும் பிடிக்கும். சென்னை மாகாணத்தில் வேலை பார்த்த வெள்ளைக்காரர்களுக்கு மற்ற மாகாணத்தார் வைத்த பட்டப்பெயர் ‘மல்’. ‘முல்லிகடானி’யின் சுருக்கம்! நம் ரசம் அவர்களுக்குப் பெயராகவே ஆகிவிட்டது.

பிரிட்டிஷ் பேச்சு வழக்கில் ‘பக்கா’, ‘குஷி’ இரண்டும் இந்தியிலிருந்து போய் ‘பக்கா’, ‘குஷி’ என்றே இருக்கின்றன, இரண்டாவதை அவர்கள் சொகுசான வேலைக்குச் சொல்வார்கள். ‘டூலாலி’ என்றால் புத்தி தடுமாறியவர். நாசிக் பக்கம் தேவ்லாலி என்ற ராணுவ முகாமில் ஊருக்குப் போகக் கப்பலுக்காகக் காத்துக் கிடந்த சிப்பாய்களின் நிலையிலிருந்து வந்தது. நம் ‘ஐயோ’ 2016-இல் ஆக்ஸ்ஃபோர்டு அகராதியில் ஏறியது. ஆனால் வாட்ஸ்அப்பில் வருகிற எல்லாவற்றையும் நம்ப வேண்டாம். ‘கேஷ்’ நம் காசிலிருந்து வந்தது என்று ஒரு செய்தி சுற்றுகிறது. கீழை நாட்டுச் சில்லறை நாணயத்தைக் குறித்த பழைய ‘கேஷ்’ நம் காசுதான். ரொக்கப் பணம் என்கிற ‘கேஷ்’ பிரெஞ்சு, இத்தாலி வழியில் வந்த வேறொரு வார்த்தை. பிள்ளைகளுக்குச் சொல்லித்தரப் போகிறவர் நீங்கள், இந்த வித்தியாசத்தைச் சேர்த்தே சொல்லிக்கொடுங்கள்.

மேற்குப் பெருமாள் மேஸ்திரி வீதி, விடுதி உணவகத்தில் பரிமாறும் இளைஞர்: வெளிநாட்டு விருந்தினரிடம் ‘மோர் காஃபி?’ என்று கேட்டேன். ‘ஐ’ம் குட்’ என்றார். நல்லவர் என்று எதற்குச் சொல்கிறார் என்று விளங்காமல் காபியை ஊற்றிவிட்டேன். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

தம்பி, ‘ஐ’ம் குட்’ என்றால் ‘போதும், வேண்டாம்’. ‘ஐ’ம் ஃபைன்’ என்றாலும் அதேதான். ‘ஐ’ம் ஸ்டஃப்ட்’ என்றால் வயிறு நிறைந்துவிட்டது. தட்டை வைத்ததும் பிரிட்டிஷ்காரர் ‘சியர்ஸ்’ என்றால் நன்றி சொல்கிறார், பீர் கேட்கவில்லை. அமெரிக்கர் ‘செக் ப்ளீஸ்’ என்றால் பில் கொண்டுவர வேண்டும். ‘டு கோ’ என்றால் பார்சல். பிரிட்டிஷ்காரர் ‘சிப்ஸ்’ கேட்டால் விரல்போல நீளமாக வறுத்த உருளைக்கிழங்கைத்தான் எதிர்பார்ப்பார், பாக்கெட்டில் வருகிற நம் சிப்ஸுக்கு அவர் பெயர் ‘க்ரிஸ்ப்ஸ்’. ‘இஸ் இட் ஹாட்?’ என்றால் சூட்டைக் கேட்கிறாரா காரத்தைக் கேட்கிறாரா என்று ‘ஹாட் ஆர் ஸ்பைசி?’ என்று திருப்பிக் கேட்டுவிடுங்கள். மதுரைக் காரச் சட்னியை வைத்துக்கொண்டு இந்தக் கேள்வியில் ஊகத்துக்கு இடம் கொடுக்கக்கூடாது.